எலிசபெத் – மேரி ஸ்டுவர்ட் பிணக்கு

(இக்கட்டுரை ஸ்காட்லாந்து அரசி மேரி ஸ்டுவர்ட்டைப் பற்றியது. 1553 முதல் 1558 வரை இங்கிலாந்தை ஆண்ட முதலாம் மேரி வேறொருவர். அவர் எலிசபெத்தின் மாற்றாந்தாய் மகள்.)

எலிசபெத் – மேரி ஸ்டுவர்ட் பிணக்கு என்பது இங்கிலாந்து அரசி முதலாம் எலிசபெத்துக்கும் (1533–1603) அவரது நெருங்கிய உறவினரான ஸ்காட்லாந்து அரசி மேரி ஸ்டுவர்ட்டுக்கும் (1542–1587) இடையே 1558 முதல் 1587 வரை நீடித்த அரசுரிமைப் போட்டியைக் குறிக்கும். எலிசபெத்துக்குப் பின் இங்கிலாந்தின் அரியணைக்கு உரிமை கோரக்கூடிய முதன்மையான உறவினராக மேரி இருந்தார். இந்த உறவே அவரை எலிசபெத்தின் இயல்பான வாரிசாகவும், எலிசபெத்தின் உயிருக்கு ஆபத்தானவராகவும் ஆக்கியது. ஏறத்தாழ 19 ஆண்டுகள் இங்கிலாந்தில் காவலில் இருந்த மேரி 1587 இல் மரண தண்டனைக்கு உள்ளானார். ஒரே தீவை ஆண்ட இவ்விருவரும் வாழ்நாளில் ஒருமுறையேனும் நேரில் சந்தித்துக்கொண்டதில்லை என்பது குறிப்பிடத்தக்கது. இவர்களது உறவு முழுவதும் கடிதங்கள், தூதர்கள், ஒற்றர்கள் ஆகியோர் வழியாகவே நடந்தது.

இக்கட்டுரையில் உள்ள நாட்கள் அக்காலத்தில் இங்கிலாந்தில் வழக்கிலிருந்த ஜூலியன் நாட்காட்டியின்படி தரப்பட்டுள்ளன. ஆண்டுகள் ஜனவரி முதல் நாளிலிருந்து கணக்கிடப்பட்டுள்ளன.

உறவுமுறை

இருவருக்கும் பொதுவான மூதாதையர் டியூடர் மரபின் முதல் அரசரான ஏழாம் ஹென்றி ஆவார். இவருடைய மகன் எட்டாம் ஹென்றி, மகள் மார்கரெட். எட்டாம் ஹென்றியின் மகள் எலிசபெத். மார்கரெட் ஸ்காட்லாந்து அரசர் நான்காம் ஜேம்ஸை மணந்தார். அவர்களுடைய மகன் ஐந்தாம் ஜேம்ஸின் மகளே மேரி. எனவே எலிசபெத்துக்கு மேரி, அத்தை மகனின் மகள் ஆவார். எனினும் அக்கால அரச வழக்கத்தின்படி இருவரும் தம் கடிதங்களில் ஒருவரையொருவர் சகோதரி என்றே விளித்து எழுதினர்.

இளமைக் காலம்

எலிசபெத்

எலிசபெத் 1533 ஆம் ஆண்டு செப்டம்பர் 7 ஆம் நாள் கிரீனிச் அரண்மனையில் பிறந்தார். இவருக்கு மூன்று வயது நிறைவதற்கு முன்பே, 1536 மே மாதத்தில், இவரது தாய் ஆன் பொலின் எட்டாம் ஹென்றியின் ஆணைப்படி தலை துண்டிக்கப்பட்டு இறந்தார். அதே ஆண்டில் எலிசபெத் முறைப்படி பிறவாதவர் என அறிவிக்கப்பட்டார். 1544 ஆம் ஆண்டின் வாரிசுரிமைச் சட்டம் அவரை மீண்டும் வாரிசு வரிசையில் சேர்த்தது. ஆயினும் முறைப்படி பிறவாதவர் என்ற அறிவிப்பு நீக்கப்படவில்லை.

முதலாம் மேரியின் ஆட்சியில் எலிசபெத்தே அடுத்த வாரிசாக இருந்தார். 1554 இல் தாமஸ் வயட் என்பவர் தலைமையில் ஒரு கிளர்ச்சி எழுந்தது. அதில் எலிசபெத்துக்கும் பங்குண்டு என ஐயுற்று, அவரை லண்டன் கோபுரச் சிறையில் இரண்டு மாதங்கள் வைத்திருந்தனர். பின்னர் ஏறக்குறைய ஓராண்டு உட்ஸ்டாக் என்னுமிடத்தில் காவலில் வைத்தனர். அரியணையில் இருப்பவருக்கு எதிரான சதிகள் அடுத்த வாரிசைச் சுற்றியே உருவாகும் என்பதை அவர் அப்போது தம் அனுபவத்தில் அறிந்துகொண்டார். 1558 நவம்பர் 17 ஆம் நாள் முதலாம் மேரி பிள்ளையின்றி இறந்ததால் எலிசபெத் அரசியானார்.

மேரி ஸ்டுவர்ட்

மேரி 1542 ஆம் ஆண்டு டிசம்பர் 8 ஆம் நாள் ஸ்காட்லாந்தின் லின்லித்கோ அரண்மனையில் பிறந்தார். ஆறு நாட்களில் தந்தை இறக்கவே, பச்சிளம் குழந்தையாகவே நாட்டுக்கு அரசியானார். மேரியைத் தம் மகன் எட்வர்டுக்கு மணமுடிக்க எட்டாம் ஹென்றி விரும்பினார். 1543 இல் இதற்கான உடன்படிக்கை எழுதப்பட்டது. ஆனால் ஸ்காட்லாந்து அதை அதே ஆண்டில் கைவிட்டதால் இங்கிலாந்து அந்நாட்டின்மீது படையெடுத்தது. இந்நிலையில் 1548 இல், ஐந்து வயதான மேரி பாதுகாப்புக்காகப் பிரான்சுக்கு அனுப்பப்பட்டார். அங்கே பட்டத்து இளவரசர் பிரான்சிஸின் வருங்கால மனைவியாக, பிரெஞ்சு மொழி பேசி, கத்தோலிக்க சமயத்தில் வளர்ந்தார்.

1558 ஏப்ரல் 24 ஆம் நாள் பாரிஸ் நோட்ர டாம் தேவாலயத்தில் இத்திருமணம் நடைபெற்றது. திருமணத்துக்கு இருபது நாட்களுக்கு முன் மேரி சில இரகசிய ஆவணங்களில் கையொப்பமிட்டார். தாம் பிள்ளையின்றி இறந்தால் ஸ்காட்லாந்தும், இங்கிலாந்து அரியணைமீது தமக்குள்ள உரிமையும் பிரான்ஸ் அரசரைச் சேரும் என அவை கூறின. திருமண உடன்பாட்டைப் பேசி முடித்த ஸ்காட்லாந்துப் பிரதிநிதிகளுக்கு இது தெரியாது. அப்போது மேரியின் வயது 15.

வாரிசுரிமைச் சிக்கல்

எலிசபெத்தின் தந்தை தம் முதல் மனைவியான அரகான் கேத்தரினை விலக்கியதைக் கத்தோலிக்கத் திருச்சபை ஏற்கவில்லை. எனவே ஆன் பொலினுடன் அவர் செய்துகொண்ட திருமணம் செல்லாது என்றும், எலிசபெத்துக்கு ஆளும் உரிமை இல்லை என்றும் கத்தோலிக்கர் பலர் கருதினர். அக்கருத்தின்படி 1558 இலேயே இங்கிலாந்தின் உண்மையான அரசி மேரி ஸ்டுவர்ட் ஆவார். எலிசபெத் முடிசூடியவுடன், பிரான்ஸ் அரசர் இரண்டாம் ஹென்றி தம் மகனையும் மருமகளையும் இங்கிலாந்தின் அரசர், அரசி என அறிவித்தார். மேரியின் சின்னத்தில் இங்கிலாந்தின் சின்னமும் சேர்க்கப்பட்டது. இச்செயலை எலிசபெத் ஒருபோதும் மறக்கவில்லை.

மறுபுறம், எட்டாம் ஹென்றி தம் உயிலில் அக்காள் மார்கரெட்டின் வழியினரை வாரிசு வரிசையில் சேர்க்காமல் விட்டிருந்தார். இதனை ஆதாரமாகக் கொண்டவர்கள் மேரிக்கு உரிமையே இல்லை என்றனர். இவ்வாறு பிறப்பின்படி ஒருவருக்கும், சட்டத்தின்படி மற்றவருக்கும் உரிமை எனக் கூறக்கூடிய நிலை உருவானது.

1560 ஜூலையில் ஏற்பட்ட எடின்பரோ உடன்படிக்கையின்படி மேரி இங்கிலாந்தின் சின்னத்தைப் பயன்படுத்துவதைக் கைவிட வேண்டும். மேரி இவ்வுடன்படிக்கையை இறுதிவரை ஏற்கவில்லை. தம்மை வாரிசாக அறிவித்தால் ஏற்பதாக அவர் தரப்பு கூறியது. முதலில் உடன்படிக்கையை ஏற்குமாறு எலிசபெத் தரப்பு கூறியது. அரசரானவர் தம் வாரிசைப் பெயர் சொல்லி அறிவித்தால், மக்களின் பார்வை அந்த வாரிசின் பக்கம் திரும்பிவிடும் என்று 1561 இல் ஸ்காட்லாந்துத் தூதர் மெய்ட்லண்டிடம் எலிசபெத் விளக்கினார். 1554 இல் தாம் பட்ட துன்பம் இதற்குப் பின்னணியாக இருந்தது. 1562 அக்டோபரில் பெரியம்மை கண்டு இறக்கும் நிலைக்குச் சென்றபோதும், பின்னர் நாடாளுமன்றம் பலமுறை வற்புறுத்தியபோதும், அவர் வாரிசை அறிவிக்க இணங்கவில்லை.

நடைபெறாத சந்திப்பு

மேரியின் கணவர் 1559 இல் இரண்டாம் பிரான்சிஸ் என்ற பெயரில் அரசராகி, 1560 டிசம்பர் 5 ஆம் நாள் இறந்தார். 17 வயதில் கைம்பெண்ணான மேரி, 1561 ஆகஸ்ட் 19 ஆம் நாள் ஸ்காட்லாந்தின் லீத் துறைமுகத்தில் வந்திறங்கினார். அவர் இல்லாத காலத்தில் அந்நாடு புரட்டஸ்தாந்து சமயத்துக்கு மாறியிருந்தது.

இரு அரசிகளும் 1562 கோடையின் முடிவில் வட இங்கிலாந்தில் சந்திப்பதென ஏற்பாடானது. ஆனால் அவ்வாண்டில் பிரான்சில் கத்தோலிக்கருக்கும் புரட்டஸ்தாந்தினருக்கும் இடையே உள்நாட்டுப் போர் மூண்டது. அப்போரில் புரட்டஸ்தாந்தினருக்கு எதிராக நின்றவர்கள் மேரியின் தாய்மாமன்மாரான கீஸ் குடும்பத்தினர். இதனால் எலிசபெத் சந்திப்பைத் தள்ளிவைத்தார். அதன்பின் அதற்கான வாய்ப்பு அமையவில்லை.

மேரியின் திருமணங்களும் வீழ்ச்சியும்

மேரி யாரை மணப்பார் என்பது இங்கிலாந்துக்கும் முக்கியமான வினாவாக இருந்தது. தமக்கு மிகவும் நெருக்கமான ராபர்ட் டட்லியை மணக்குமாறு எலிசபெத் பரிந்துரைத்தார். மேரி அதனை ஏற்காமல், 1565 ஜூலை 29 ஆம் நாள் டார்ன்லி பிரபுவான ஹென்றி ஸ்டுவர்ட்டை மணந்தார. டார்ன்லி, மார்கரெட்டின் இரண்டாம் திருமணத்தின் வழிவந்த பேரன். அதாவது மேரியின் அத்தை மகன். அவருக்கும் இங்கிலாந்து அரியணையில் உரிமை இருந்ததால், இத்திருமணம் மேரியின் கோரிக்கையை வலுப்படுத்தியது.

இத்திருமணம் விரைவில் கசந்தது. 1566 மார்ச் 9 ஆம் நாள், கருவுற்றிருந்த மேரியின் அறைக்குள் டார்ன்லியும் சில பிரபுக்களும் புகுந்தனர். மேரியின் இத்தாலியச் செயலாளர் டேவிட் ரிச்சியோவை வெளியே இழுத்துச் சென்று கொலை செய்தனர். 1566 ஜூன் 19 ஆம் நாள் மகன் ஜேம்ஸ் பிறந்தான். குழந்தைக்கு ஞானத்தாயாக இருக்க எலிசபெத் இசைந்து, தம் சார்பில் பொன்னாலான ஞானஸ்நானத் தொட்டி ஒன்றை அனுப்பிவைத்தார்.

1567 பிப்ரவரி 10 ஆம் நாள் அதிகாலையில் டார்ன்லி தங்கியிருந்த வீடு வெடிமருந்தால் தகர்க்கப்பட்டது. அவரது உடல் வெளியே தோட்டத்தில் கிடந்தது. கொலைக்குக் காரணமானவர் எனக் கருதப்பட்ட போத்வெல் பிரபுவை, மூன்றே மாதங்களில், 1567 மே 15 ஆம் நாள் மேரி மணந்தார். இத்திருமணம் அவரது விருப்பத்துடன் நடந்ததா, கட்டாயத்தால் நடந்ததா என்பது வரலாற்றாளர்களிடையே இன்றும் விவாதத்துக்கு உரியது. பிரபுக்கள் கிளர்ந்தெழுந்து மேரியைச் சிறைப்பிடித்து, லாக்லெவன் தீவுக் கோட்டையில் அடைத்தனர். 1567 ஜூலை 24 ஆம் நாள் அவர் கட்டாயத்தின் பேரில் முடிதுறந்தார். ஐந்து நாட்கள் கழித்து, 13 மாதக் குழந்தையான ஜேம்ஸ் அரசனாக முடிசூட்டப்பட்டான். அதற்கு முன்பே, அவ்வாண்டு ஏப்ரலில், மேரி தம் மகனைக் கடைசி முறையாகப் பார்த்திருந்தார்.

1568 மே 2 ஆம் நாள் மேரி கோட்டையிலிருந்து தப்பினார். 13 ஆம் நாள் லாங்சைட் போரில் தோற்றார். மூன்று நாட்கள் கழித்து ஒரு மீன்பிடிப் படகில் கடற்கழியைக் கடந்து இங்கிலாந்தில் கால் வைத்தார். தம் உறவினர் தமக்குப் படை தந்து உதவுவார் என அவர் நம்பினார்.

பெட்டிக் கடிதங்கள்

எலிசபெத் படையும் தரவில்லை. மேரியைப் பிரான்சுக்குச் செல்லவும் விடவில்லை. மேரிமீது சாட்டப்பட்ட கொலைக் குற்றத்தை ஆராய 1568 அக்டோபர் முதல் 1569 ஜனவரி வரை யார்க்கிலும் வெஸ்ட்மின்ஸ்டரிலும் விசாரணை நடந்தது. ஸ்காட்லாந்துப் பிரபுக்கள் ஒரு வெள்ளிப் பெட்டியிலிருந்து எடுத்ததாகக் கூறி எட்டுக் கடிதங்களை முன்வைத்தனர். அவை மேரி போத்வெல்லுக்கு எழுதியவை என்பது அவர்களது வாதம். அவை போலியானவை என மேரி மறுத்தார். எந்தத் தரப்பின் குற்றச்சாட்டும் மெய்ப்பிக்கப்படவில்லை எனக் கூறி எலிசபெத் விசாரணையை முடித்தார். மேரி குற்றவாளி எனத் தீர்க்கப்படவுமில்லை, விடுவிக்கப்படவுமில்லை. அக்கடிதங்களின் மூலங்கள் பின்னர் காணாமற்போயின. படிகளும் மொழிபெயர்ப்புகளும் மட்டுமே எஞ்சியுள்ளதால் அவற்றின் உண்மைத்தன்மையை உறுதிசெய்ய இயலவில்லை.

காவல் வாழ்க்கை

1569 முதல் 15 ஆண்டுகளுக்கு மேலாக ஷ்ரூஸ்பரி பிரபுவின் பொறுப்பில் மேரி டட்பரி, ஷெஃபீல்ட், சாட்ஸ்வொர்த் முதலிய இடங்களில் வைக்கப்பட்டார். பணியாளர்களும், அரசிக்குரிய மேற்கட்டி விதானமும் அவருக்கு இருந்தன. ஆனால் வெளியே செல்லும் உரிமை இல்லை. டட்பரிக் கோட்டை ஈரமும் குளிரும் நிறைந்தது. மூட்டுவலியால் அவர் உடல்நலம் குன்றியது. இறுதி ஆண்டுகளில் நடக்கவே துணை தேவைப்பட்டது.

காவலில் இருந்த நாட்களில் மேரி பூத்தையல் வேலையில் ஈடுபட்டார். அதுவும் செய்தி அனுப்பும் வழியாயிற்று. தம்மை மணக்க எண்ணிய நார்ஃபோக் கோமகனுக்கு அவர் ஒரு திண்டு உறையை அனுப்பினார். அதில் கொடியிலுள்ள காய்க்காத கிளையை ஒரு கை வெட்டுவது போன்ற உருவம் தைக்கப்பட்டிருந்தது. காய்க்காத கிளை, மணமாகாத எலிசபெத்தைக் குறிப்பதாகப் பொருள் கொள்ளப்படுகிறது.

மேரியை மையமாகக் கொண்டு சதிகள் தொடர்ந்தன. 1569 இல் வடபகுதிப் பிரபுக்கள் கிளர்ந்தனர். 1570 இல் பாப்பரசர் ஐந்தாம் பயஸ் எலிசபெத்தைத் திருச்சபையிலிருந்து விலக்கி ஆணையிட்டார். 1571 இல் ரிடோல்ஃபி சதி வெளிப்பட்டு, 1572 இல் நார்ஃபோக் கோமகனுக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. அப்போது மேரிக்கும் அதே தண்டனை வேண்டும் என நாடாளுமன்றம் கோரியபோது எலிசபெத் மறுத்தார். 1583 இல் திராக்மார்ட்டன் சதி வெளிப்பட்டது. 1585 இல் இயற்றப்பட்ட ஒரு சட்டம், அரசியின் உயிருக்கு எதிரான சதியில் உடந்தையாக இருக்கும் வாரிசுரிமையாளரை விசாரித்துத் தண்டிக்க வழிசெய்தது. இச்சட்டம் மேரியைக் கருத்திற்கொண்டே இயற்றப்பட்டது.

பாபிங்டன் சதியும் சங்கேத எழுத்தும்

1585 இல் அமியஸ் பாலட் மேரியின் காவலரானார். அவர் மேரியின் கடிதத் தொடர்பை முழுவதும் நிறுத்தினார். இதன்பின் எலிசபெத்தின் செயலாளரும் ஒற்றர் தலைவருமான பிரான்சிஸ் வால்சிங்கம், தம் கட்டுப்பாட்டிலேயே ஓர் இரகசிய வழியைத் திறந்துவிட்டார். கில்பர்ட் கிஃபர்ட் என்னும் கத்தோலிக்கர் அவருக்காக இரட்டை ஒற்றராகப் பணியாற்றினார். மேரி இருந்த சார்ட்லி மாளிகைக்குப் பியர் கொண்டுவரும் பீப்பாய்களில், நீர் புகாத சிறு உறையில் கடிதங்கள் மறைத்து வைக்கப்பட்டன. உள்ளே சென்றவையும் வெளியே வந்தவையும் வால்சிங்கமின் சங்கேத வல்லுநர் தாமஸ் ஃபிலிப்ஸின் கைக்குச் சென்று, படியெடுக்கப்பட்டு, முத்திரை பழுதின்றி மீண்டும் ஒட்டப்பட்டே உரியவரைச் சேர்ந்தன.

மேரியும் ஆண்டனி பாபிங்டனும் பயன்படுத்திய சங்கேத முறையில் எழுத்துக்களுக்கு 23 குறிகளும், அடிக்கடி வரும் சொற்களுக்கும் தொடர்களுக்கும் 35 குறிகளும் இருந்தன. படிப்பவரைக் குழப்புவதற்காகப் பொருளற்ற வெற்றுக் குறிகளும் சேர்க்கப்பட்டன. ஆனால் ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரே குறி என்பதே இம்முறையின் குறைபாடாகும். ஒரு மொழியில் சில எழுத்துக்கள் மிகுதியாகவும் சில அரிதாகவும் வரும். கடிதத்தில் ஒவ்வொரு குறியும் எத்தனை முறை வருகிறது எனக் கணக்கிட்டால், மிகுதியாக வரும் குறி மிகுதியாக வரும் எழுத்தைக் குறிக்கும் என ஊகிக்கலாம். ஒன்பதாம் நூற்றாண்டில் அராபிய அறிஞர் அல் கிந்தி விளக்கிய இம்முறை, 16 ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவில் வல்லுநர்களிடையே அறியப்பட்டிருந்தது. தம் எழுத்து பாதுகாப்பானது என நம்பியதாலேயே மேரி வெளிப்படையாக எழுதினார்.

1586 ஜூலையில் பாபிங்டன், எலிசபெத்தைக் கொல்ல ஆறு பேர் ஆயத்தமாக உள்ளனர் என மேரிக்கு எழுதினார். ஜூலை 17 ஆம் நாளிட்ட பதிலில், அத்திட்டத்தைக் குறிப்பிட்டுத் தம்மை விடுவிக்கும் வழிகளை மேரி விவரித்தார். அதன் படியில் ஃபிலிப்ஸ் தூக்குமரத்தின் படத்தை வரைந்து வால்சிங்கமுக்கு அனுப்பினார். மேலும், அந்த அறுவரின் பெயர்களைக் கேட்கும் ஒரு பின்குறிப்பை மேரியின் சங்கேத எழுத்திலேயே போலியாகச் சேர்த்தார். பாபிங்டனும் கூட்டாளிகளுமாக 14 பேர் 1586 செப்டம்பரில் கொல்லப்பட்டனர்.

விசாரணையும் மரணமும்

1586 அக்டோபர் 14, 15 ஆம் நாட்களில் ஃபாதரிங்கே கோட்டையில் மேரி விசாரிக்கப்பட்டார். தாம் வேறொரு நாட்டின் அரசி என்றும், இங்கிலாந்தின் சட்டத்துக்குக் கட்டுப்பட்ட குடிமகள் அல்லர் என்றும் அவர் வாதிட்டார். அவருக்கு வழக்கறிஞர் அனுமதிக்கப்படவில்லை. கடிதங்களின் மூலங்களுக்கு மாறாகப் படிகளே காட்டப்பட்டன. அவருடைய செயலாளர்களின் வாக்குமூலங்கள் சான்றாகக் கொள்ளப்பட்டன. அவர் குற்றவாளி எனத் தீர்ப்பாயிற்று.

எலிசபெத் மூன்று மாதங்களுக்கு மேல் தயங்கினார். முடிசூடிய ஓர் அரசியை நீதிமன்றத்தின் வழியே கொல்வது, பிற்காலத்தில் எந்த அரசருக்கும் எதிராகப் பயன்படக்கூடிய முன்மாதிரி ஆகும். 1587 பிப்ரவரி 1 ஆம் நாள் அவர் மரண ஆணையில் கையொப்பமிட்டார். அதே வேளையில், மேரியை மறைவாகக் கொல்லும்படி பாலட்டுக்குக் குறிப்புணர்த்தும் கடிதம் ஒன்றும் சென்றது. சட்டத்தின் ஆணையின்றி இரத்தம் சிந்த இயலாது எனப் பாலட் மறுத்துவிட்டார். இதனிடையே அரசியைக் கேளாமலேயே பிரிவி கவுன்சில் ஆணையை அனுப்பிவைத்தது.

பிப்ரவரி 8 ஆம் நாள் அதிகாலையில் மேரி தம் முதற்கணவரின் தம்பியான பிரான்ஸ் அரசர் மூன்றாம் ஹென்றிக்கு இறுதிக் கடிதத்தை எழுதினார். பணியாளர்களுக்குத் தர வேண்டிய ஊதியத்தைத் தருமாறு அதில் வேண்டிக்கொண்டார். அன்று காலை அவரது தலை துண்டிக்கப்பட்டது. அப்போது அவருக்கு வயது 44. செய்தி கேட்ட எலிசபெத், தம் அனுமதியின்றி ஆணை அனுப்பப்பட்டதாகக் கூறிச் சினங்கொண்டார். ஆணையை வைத்திருந்த செயலாளர் வில்லியம் டேவிசன் லண்டன் கோபுரத்தில் அடைக்கப்பட்டார்.

மகன் ஜேம்ஸ்

தாயைக் குழந்தைப் பருவத்துக்குப் பின் பார்த்திராத ஜேம்ஸ், தாயின் எதிரிகளிடையே புரட்டஸ்தாந்தாக வளர்ந்தார். தாயும் மகனும் சேர்ந்து ஆளலாம் என்ற மேரியின் திட்டத்தை அவர் ஏற்கவில்லை. 1586 ஜூலையில், பாபிங்டனின் கடிதம் மேரியைச் சேர்ந்த அதே மாதத்தில், அவர் இங்கிலாந்துடன் நட்புடன்படிக்கை செய்துகொண்டார். தாயின் உயிருக்காகத் தூதர்களை அனுப்பி வாதாடினார். எனினும் தண்டனைக்குப் பின் அந்த உடன்படிக்கையை முறித்துக்கொள்ளவில்லை. 1603 மார்ச் 24 ஆம் நாள் எலிசபெத் பிள்ளையின்றி இறந்தபோது, ஜேம்ஸ் எதிர்ப்பின்றி இங்கிலாந்தின் அரசரானார். மேரி வாழ்நாள் முழுவதும் கோரிய அரியணை இவ்வாறு அவரது மகனைச் சேர்ந்தது.

2023 இல் படிக்கப்பட்ட கடிதங்கள்

பிரான்ஸ் தேசிய நூலகத்தில் இத்தாலி தொடர்பானவை எனத் தவறாக வகைப்படுத்தப்பட்டிருந்த சங்கேத ஆவணங்களை ஜார்ஜ் லாஸ்ரி, நோர்பர்ட் பியர்மன், சதோஷி தொமோகியோ ஆகிய மூவரும் கணினி நிரல்களின் துணையுடன் ஆராய்ந்தனர். 2023 பிப்ரவரியில் வெளியான அவர்களது ஆய்வின்படி, அவற்றுள் 57 கடிதங்கள் 1578 க்கும் 1584 க்கும் இடையே மேரி எழுதியவை. பெரும்பாலானவை பிரான்ஸ் தூதர் மிஷேல் த காஸ்தெல்நோவுக்கு எழுதப்பட்டவை. இவற்றின் மொத்த அளவு ஏறத்தாழ 50,000 சொற்கள். பாபிங்டன் சங்கேதத்தைப் போலன்றி, இதில் ஓர் எழுத்துக்குப் பல குறிகள் இருந்தன. காவலின் துன்பங்கள், விடுதலைக்கான பேச்சுவார்த்தைகள், வால்சிங்கம் மீதான அவநம்பிக்கை, மகனைப் பற்றிய கவலை ஆகியவை இவற்றில் இடம்பெற்றுள்ளன. 1582 இல் சில பிரபுக்கள் ஜேம்ஸைக் கடத்தியபோது மேரி அடைந்த வேதனையும் இவற்றில் வெளிப்படுகிறது.

கலைப் படைப்புகளில்

இப்பிணக்கைக் கருவாகக் கொண்ட படைப்புகளுள் ஃபிரீட்ரிக் ஷில்லரின் நாடகமும் (1800), அதனைத் தழுவிய டோனிசெட்டியின் இசை நாடகமும் (1835) புகழ்பெற்றவை. 1971, 2018 ஆகிய ஆண்டுகளில் இது திரைப்படமாகவும் வந்தது. இப்படைப்புகள் நான்கிலும் இரு அரசிகளும் நேருக்கு நேர் சந்திக்கும் காட்சி உண்டு. இது கற்பனையே ஆகும்.

அடக்க இடங்கள்

மேரியின் உடல் முதலில் பீட்டர்பரோ தேவாலயத்தில் அடக்கம் செய்யப்பட்டது. 1612 இல் ஜேம்ஸ் அதனை லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் மடத்துக்கு மாற்றினார். ஏழாம் ஹென்றி கட்டிய சிற்றாலயத்தின் தெற்குப் பகுதியில் மேரியின் கல்லறை உள்ளது. வடக்குப் பகுதியில் எலிசபெத், தம்மைச் சிறையிலிட்ட முதலாம் மேரியுடன் ஒரே கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டுள்ளார். இவ்விரு கல்லறைகளின் நினைவுச் சின்னங்களையும் எழுப்பியவர் ஜேம்ஸ் ஆவார்.